மயக்க மருந்துக்குப் பயந்த இருளாண்டி

மலாயாவில், மலாக்காப் பக்கத்துச் செலண்டாரிலிருந்து செம்மண் சாலையில் உள்ளே போனால் குருவித் தோட்டம் வரும். அதற்கு ஓர் இங்கிலீஷ் பெயரும் உண்டு. அது ஆபீஸ் பலகைக்கும் கணக்கெழுதும் கிராணிக்கும் மட்டும்தான் தேவைப்பட்டது. அந்தத் தோட்டத்தின் ரப்பர்ப் பால் லாரியில் ஏறி நின்று, வரிசையாக வரும் வாளிகளை வாங்கித் தொட்டியில் ஊற்றுவது இருளாண்டியின் வேலை. ஆள் குட்டை. தோள் அகலம். குரல் அதைவிட அகலம். காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்தில் அவன் நின்று இருமினால் வரிசை வீடுகளின் கடைசி லயத்தில் தூங்கும் பிள்ளை எழுந்து அழும் என்பார்கள்.

நாற்பது வயது வரைக்கும் அவனுக்குக் காய்ச்சலைத் தவிர வேறு நோய் வந்ததில்லை. அதன் பிறகுதான் அடிவயிற்றின் வலது பக்கத்தில் கோழிமுட்டை அளவுக்கு ஒரு வீக்கம் வந்தது. நின்றால் தெரியும். படுத்தால் உள்ளே போய்விடும். தோட்டத்தில் மருந்து கொடுக்கும் டிரஸ்ஸர் அப்புசாமி அதை அழுத்திப் பார்த்து, இருமச் சொல்லிப் பார்த்து, காதைப் பொத்திக்கொண்டு மறுபடியும் ஒருமுறை பார்த்து, விஷயத்தைச் சொல்லிவிட்டார்.

"குடல் எறங்கியிருக்கு இருளாண்டி. மலாக்கா பெரிய ஆஸ்பத்திரிக்குப் போ. சின்ன ஆபரேஷன்தான். மயக்க மருந்து குடுத்துத் தூங்க வெச்சுருவாங்க, ஒண்ணும் தெரியாது."

கத்தி என்றதும் இருளாண்டி பயப்படவில்லை. தூங்க வைப்பார்கள் என்றதும்தான் முகம் மாறியது. "பாக்கலாங்கய்யா" என்று சொல்லிவிட்டு வந்தவன், லாரியின் பழைய டயர் டியூபை அறுத்து ஒரு பெல்ட் தைத்து, வீக்கத்தின் மேல் இறுக்கிக் கட்டிக்கொண்டு வேலைக்குப் போக ஆரம்பித்தான். மாதக்கணக்காக அப்படியே ஓட்டினான். நடக்கும்போது பெல்ட் கீச்சுக் கீச்சென்று சத்தம் போட்டது. அவன் மனைவி மீனம்மா, "எலியக் கட்டிக்கிட்டுத் திரியிற மாதிரி இருக்குய்யா, போய்த் தொலைச்சிட்டு வாயேன்" என்று தினமும் சொன்னாள். அவன் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

அவனுடைய பயத்துக்குக் காரணம் காளிமுத்து. தோட்டத்தின் வாசலில் துப்பாக்கியோடு நிற்கும் ஸ்பெஷல் போலீஸ்காரன். அது வெள்ளைக்காரன் ஆட்சியில் மலாயாவில் இருந்த அவசரகாலம். காட்டில் இருந்த கம்யூனிஸ்டுகளுக்கு ஒரு பிடி அரிசிகூடப் போய்விடக் கூடாது என்று லயங்களையெல்லாம் ஒன்றாகச் சேர்த்து, சுற்றிலும் முள்கம்பி வேலி போட்டிருந்தார்கள். வெளியே வேலைக்குப் போகிறவர்களை வாசலில் தடவிப் பார்ப்பார்கள். பொழுது சாய்ந்த பிறகு யாரும் வேலியைத் தாண்டக் கூடாது. காளிமுத்துவுக்குத் தடவுவதோடு பேசுவதும் வேலை. ஒருநாள் இருளாண்டியின் பெல்ட்டைத் தட்டிப் பார்த்துவிட்டு அவன் சொன்னான்.

"அண்ணே, அந்த மருந்து பொல்லாதது லா. ஏறிச்சுன்னா மனசுல இருக்கிறதெல்லாம் வாய்க்கு வந்துரும். பெரிய மாத்தா ஸ்டேஷன்லயே அதக் குடுத்துத்தான் உண்மைய வாங்குறாங்களாம்."

மாத்தா என்றால் அந்தப் பக்கத்தில் போலீஸ். போலீஸுக்குத் தெரியக் கூடாத ஓர் உண்மை இருளாண்டியின் மனசில் இருந்தது. அது டுரியான் பழ விஷயம்.

போன பருவத்தில், வேலிக்கு வெளியே ஓடைக்கரையில் நின்ற மரத்திலிருந்து டுரியான் விழும் சத்தம் தினமும் லயத்துக்குக் கேட்டது. பொத்து... பொத்து. அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு சும்மா படுத்திருக்க இருளாண்டியால் முடியவில்லை. வாய்க்கால் போகும் இடத்தில் கம்பிக்கு அடியில் ஓர் ஆள் புகும் சந்து இருந்தது. ஒரு சாயங்காலம், ஊரடங்கு மணி அடித்த பிறகு, அவன் அதற்குள் புகுந்து போய் இரண்டு பழங்களைச் சாக்கில் கட்டிக்கொண்டு திரும்பினான். பாதி உடம்பு உள்ளே வந்துவிட்டது. கைலி கம்பியில் மாட்டிக்கொண்டது. இழுத்தான். வேலியில் கட்டியிருந்த தகர டப்பாக்கள் எல்லாம் ஒன்றாகக் குலுங்கின.

"யாரது?" என்று காளிமுத்து கத்தினான். கத்திய கையோடு சுட்டும் விட்டான். குண்டு எங்கே போனதென்று இன்றுவரைக்கும் தெரியாது. கைலியை வேலிக்கே கொடுத்துவிட்டு உள்ளே உருண்ட இருளாண்டிக்கு அந்த நேரத்தில் ஒரே ஒரு யோசனைதான் வந்தது. தன் அகலமான குரலை முழுக்கத் திறந்து, "வந்துட்டானுங்க! காட்டுக்காரனுங்க வந்துட்டானுங்க! விடாத, சுடு!" என்று அலறினான்.

அவ்வளவுதான். தோட்டமே எழுந்தது. பட்டாளம் வந்தது. வேலிக்கு வெளியே காலடித் தடம் கிடைத்தது, அது இருளாண்டியுடையது. கிழிந்த துணி கிடைத்தது, அதுவும் இருளாண்டியுடையது. மறுநாள் பெரட்டில் மேனேஜர் துரை எல்லார் முன்னாலும் அவன் தோளைத் தட்டி, இவன் மட்டும் குரல் கொடுக்காவிட்டால் தோட்டம் என்ன ஆகியிருக்கும் என்றார். ஊர்க்காவல் படைக்கு அவனைத் தலைவனாக்கி, கையில் ஒரு பட்டையும் கழுத்தில் ஒரு விசிலும் மாட்டிவிட்டார். காளிமுத்து, தான் மூன்று பேரைக் கண்ணால் பார்த்ததாக எழுதிக் கொடுத்தான்.

உண்மை வெளியே வந்தால் என்ன ஆகும் என்று இருளாண்டிக்குத் தெரியும். ஊரடங்கில் வேலி தாண்டியவன் டுரியானுக்குத்தான் போனான் என்று யார் நம்புவார்கள்? காட்டுக்காரனுக்குச் சோறு கொண்டு போனான் என்பார்கள். பிடித்து அடைப்பார்கள். இல்லையென்றால் கப்பலேற்றி, அவன் பார்த்தே இராத இந்தியாவுக்கு அனுப்பிவிடுவார்கள். அதனால்தான் டயர் டியூப்.

ஆனால் குடலுக்கு இந்த அரசியல் எல்லாம் தெரியாதே. ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பிட்டுவிட்டு, லயத்து வாசலில் புதிதாக வந்த ஒரு குடும்பத்துக்கு, தான் காட்டுக்காரர்களை விரட்டிய கதையை இருளாண்டி நடித்துக் காட்டிக்கொண்டிருந்தான். "விடாத, சுடு!" என்ற இடம் வந்தது. அதை அன்றைக்கு இருந்த அதே வேகத்தில் கத்தினான். டியூப் பெல்ட் பட்டென்று அறுந்தது. வீக்கம் வெளியே வந்தது. வந்தது திரும்பப் போகவில்லை. கல் மாதிரி ஆனது. கதை சொன்னவன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டு விழுந்தான். புதுக் குடும்பம் அதையும் நடிப்பென்று நினைத்துக் கை தட்டியது.

டிரஸ்ஸர் அப்புசாமி ஓடி வந்து பார்த்தார். "குடல் மாட்டிக்கிட்டுச்சு. இனிமே பாக்கலாம் கீக்கலாம்னு பேச்சே கிடையாது. இன்னிக்கே அறுக்கலைன்னா உள்ள அழுகிப் போயிரும்." பால் லாரியிலேயே அவனைக் கிடத்தி, மீனம்மாவை ஏற்றி, மலாக்காவுக்கு அனுப்பினார். வழியில் தடுப்புப் போட்டு நின்ற சிப்பாய்கள் லாரிக்குள் எட்டிப் பார்த்தார்கள். இருளாண்டி போட்ட முனகல் சத்தத்தில் தடவிப் பார்க்காமலேயே கையைக் காட்டிப் போகச் சொல்லிவிட்டார்கள்.

ஆஸ்பத்திரியில் அவன் கட்டிலுக்கு வந்தவர் மெலிந்த, கண்ணாடி போட்ட ஒரு தமிழ் டாக்டர். பேர் கணேசமூர்த்தி. நாடியைப் பிடித்தார், நெஞ்சைத் தட்டினார், வாயைத் திறக்கச் சொல்லிப் பல்லெல்லாம் ஆடுகிறதா என்று பார்த்தார்.

"வயித்துல வலிக்குதுன்னா பல்ல ஏன் பாக்குறீங்கய்யா?"

"அறுக்கிறது வேற டாக்டர். நான் மயக்கம் குடுக்கிறவன். எனக்கு வாய்தான் முக்கியம்."

வாய் என்ற சொல்லைக் கேட்டதும் இருளாண்டிக்கு வலி ஒரு நிமிஷம் நின்றே போயிற்று.

"கடைசியா எப்பச் சாப்பிட்டீங்க?" என்று டாக்டர் கேட்டார். "உண்மையச் சொல்லணும். ஈதர்னு ஒரு மருந்து. மூக்கு மேல துணி வெச்சு, சொட்டுச் சொட்டா விடுவோம். மூச்சோட உள்ள போய் ஆளை மயக்கும். அப்ப தொண்டையும் சேர்ந்து அசந்து போயிடும். வயிறு நிறைய சாப்பாடு இருந்தா அது மேல வந்து நுரையீரலுக்குள்ள இறங்கிடும். உசிருக்கே ஆபத்து. சாப்பிட்ட ஆளுக்கு ஈதர் குடுக்க நான் யோசிப்பேன்."

சாப்பிட்டவனுக்கு ஈதர் இல்லை! இருளாண்டியின் கண் மின்னியது. முனகலை நிறுத்திவிட்டு நிமிர்ந்து படுத்தான்.

"ஐயா, இப்பத்தான் சாப்பிட்டேன். நல்லாச் சாப்பிட்டேன். சோறு ஒரு பானை. கோழிக் குழம்பு. பாசார்லருந்து வந்த மீன், பொரிச்சது. ஆட்டுக்கால். அப்புறம்... பாயசம். ரெண்டு தடவை."

கதவருகே நின்ற மீனம்மாவால் பொறுக்க முடியவில்லை. "டாக்டரையா, இந்தாளு பேச்சக் கேக்காதீங்க. ரேஷன் அரிசில எங்கய்யா ஒரு பானைச் சோறு? ரசஞ்சோறும் கருவாடும்தான் போட்டேன். இவரு சொல்றத மாத்தாக்காரன் கேட்டா, இவ்ளோ சாமான் யாருக்கு ஆக்குனேன்னு என்னையில்ல புடிப்பான்!"

கணேசமூர்த்தி இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "ரசஞ்சோறோ ஆட்டுக்காலோ, வயிறு நிறைஞ்சிருக்கு. சரி, ஈதர் வேண்டாம். முதுகுல ஊசி போட்டுடலாம். நீங்க முழிச்சிக்கிட்டே இருப்பீங்க, இடுப்புக்குக் கீழ மட்டும் மரத்துப் போகும்."

இருளாண்டிக்குத் துள்ளிக் குதிக்க வேண்டும் போல இருந்தது. குடல்தான் இடம் கொடுக்கவில்லை.

"ஆனா அதுக்கு முன்னாடி," டாக்டர் சொன்னார், "இவ்வளவு விருந்து சாப்பிட்டவருக்குக் குழாய் விட்டு வயித்தைக் காலி பண்ணாம உள்ள கொண்டுபோக முடியாது."

அந்தக் குழாயை இருளாண்டி ஆயுசுக்கும் மறக்கவில்லை. மூக்கு வழியாக ரப்பர் குழாய் போனது. அவன் தினமும் தூக்கி ஊற்றிய பாலில் செய்த ரப்பராகத்தான் இருக்க வேண்டும். கண்ணில் நீர் வழிய, அவன் விழுங்கி விழுங்கி அதை இறக்கினான். பேசினில் வந்து விழுந்தது ரசமும் பருக்கையும். நர்ஸ், மிஸ்ஸி சுசீலா, பேசினைச் சாய்த்துப் பார்த்தாள்.

"ஆட்டுக்காலக் காணோமே, அண்ணே?"

அறுவை அறையில் அவனை ஒருக்களித்துப் படுக்கவைத்து, முழங்காலை நெஞ்சோடு சேர்த்துக் குனிந்து கட்டிக்கொள்ளச் சொன்னார்கள். முதுகில் ஐஸ் மாதிரி எதையோ தடவினார்கள். பிறகு ஓர் எறும்பு கடித்தது. அதற்குப் பின் ஓர் அழுத்தம். "அசையாதீங்க, அசையாதீங்க" என்று கணேசமூர்த்தி பின்னாலிருந்து சொன்னார். திருப்பி மல்லாத்திப் படுக்கவைத்தபோது காலில் வெதுவெதுப்பு ஏறியது, வெந்நீரில் காலை வைத்த மாதிரி. கட்டைவிரலை ஆட்டிப் பார்த்தான். ஆட்டினோம் என்றுதான் அவன் நினைத்தான். எட்டிப் பார்த்தால் விரல் அப்படியே கிடந்தது. மாதக்கணக்கில் அவனைப் படுத்திய வலி, சொல்லாமல் கொள்ளாமல் எழுந்து போய்விட்டது.

"ஐயா, என் கால எங்க வெச்சிருக்கீங்க?"

"இருக்கு, இருக்கு. காட்டுக்காரங்க டெலிபோன் கம்பிய அறுத்துட்டா தோட்டத்துச் செய்தி ஸ்டேஷனுக்குப் போகாதில்ல? அது மாதிரிதான். கால் கத்துது. மூளைக்குக் கேக்கல. ஆனா நம்ம கம்பி தானா ஒட்டிக்கும், ரெண்டு மூணு மணி நேரத்துல."

"ஈதரு?"

"அது கம்பிய விட்டுடும். ஸ்டேஷனையே தூங்க வெச்சுடும். வெறும் தூக்கம் இல்ல. தூங்கறவனைக் கிள்ளினா எழுந்திருப்பான். ஈதர்ல அறுத்தாலும் எழுந்திருக்க மாட்டான். அதனாலதான் ஒருத்தன் தலைமாட்டுலயே உக்காந்து மூச்சை எண்ணிக்கிட்டு இருக்கணும்."

இப்படி முழித்துக்கொண்டே இருக்கும் தனக்கு இனி என்ன பயம் என்று இருளாண்டி நினைத்தான். மார்புக்கு மேலே ஒரு பச்சைத் துணியைத் திரைபோலக் கட்டினார்கள். அந்தப் பக்கம் சிவந்த முகத்தோடு ஒரு வெள்ளைக்கார டாக்டர் வந்து நின்றார். அவரைப் பார்த்ததும் இருளாண்டியின் நெஞ்சு படபடவென்று அடித்தது. நாடியில் விரல் வைத்திருந்த கணேசமூர்த்திக்கு அது தெரிந்தது.

"பதட்டப்படறீங்க. இந்தக் கையைக் குடுங்க, கொஞ்சம் மனசு லேசாக ஓர் ஊசி."

மனசு லேசாயிற்று. மிகவும் லேசாயிற்று. மேலே தொங்கிய விளக்கு அழகாகத் தெரிந்தது. கணேசமூர்த்தி கூடப் பிறந்தவர் மாதிரித் தெரிந்தார். வயிற்றுப் பக்கம் யாரோ பையில் கைவிட்டுத் தேடுகிற மாதிரி இழுப்பு இருந்தது, வலி இல்லை. உலகத்தில் எல்லாரும் நல்லவர்கள். நல்லவர்களிடம் எதையாவது மறைக்கலாமா?

"ஐயா, ஒங்ககிட்ட மட்டும் ஒண்ணு சொல்றேன்," என்று இருளாண்டி ஆரம்பித்தான். ரகசியமாகத்தான் ஆரம்பித்தான். அவன் குரலுக்கு ரகசியம் வராது. ஓடைக்கரை, வாய்க்கால் சந்து, சாக்கு, கைலி, டப்பாச் சத்தம், கம்பியில் மாட்டிய இடம், "வந்துட்டானுங்க" என்று தான் கத்தியது, விசில் வாங்கியது என்று ஒன்றுவிடாமல் சொன்னான். தன் வாய் பேசுவது தன் காதிலேயே விழுந்தது. நிறுத்த வேண்டும் என்றும் தோன்றியது. நிறுத்தத்தான் மனசில்லை. சுசீலா முகமூடிக்குள் சிரித்துச் சிரித்துக் கத்தரிக்கோலைக் கீழே போட்டாள்.

வெள்ளைக்கார டாக்டர் நிமிராமலே, அவன் என்ன சொல்கிறான் என்று இங்கிலீஷில் கேட்டார். கணேசமூர்த்தி ஒரு நொடி தயங்கி, "சாமி கும்பிடுகிறான்" என்றார்.

வெள்ளைக்கார டாக்டர் இன்னும் இரண்டு தையல் போட்டார். பிறகு திரைக்கு அந்தப் பக்கத்திலிருந்து, கொச்சையான, ஆனால் தெளிவான தமிழ் வந்தது.

"இவன் சாமி பேர் என்ன? டுரியானா?"

அந்தத் துரை, இங்கே வருவதற்கு முன் பத்து வருஷம் தோட்டம் தோட்டமாகப் போய் வைத்தியம் பார்த்தவர் என்று யாருக்குத் தெரியும்? கணேசமூர்த்தி கண்ணாடியைச் சரிசெய்தார். சுசீலாவின் சிரிப்பு நின்றது. துரை தையலை முடித்து, கையுறையைக் கழற்றிக்கொண்டு தலைமாட்டுக்கு வந்து குனிந்தார்.

"நம்ம வயிறு பாக்கறது. காது இல்லே," என்றார். "நீ மூணு மாசம் பால் வாளி தூக்கறது இல்லே. வேலி குதிக்கறதும் இல்லே. சரியா?"

"சரிங்க தொரை," என்றான் இருளாண்டி. அதன் பிறகுதான் நிஜமாகவே தூங்கிப் போனான்.

வார்டில், மறுநாள் பொழுது சாயும் வரைக்கும் தலையணை இல்லாமல் மட்டமாகப் படுத்திருக்க வேண்டும், எழுந்தால் தலை வலிக்கும் என்று சுசீலா சொல்லிவைத்தாள். மறுநாள் காலையில் காளிமுத்து பார்க்க வந்தான். அவனைப் பார்த்ததும், தான் முழித்திருந்தே அறுத்துக்கொண்ட வீரத்தைச் சொல்ல இருளாண்டி சட்டென்று எழுந்து உட்கார்ந்தான். அடுத்த நாலைந்து நாளுக்குத் தலை இரண்டாகப் பிளந்தது. படுத்தால் போகும், எழுந்தால் வரும். முன்பு வயிற்றில் இருந்தது இப்போது தலைக்கு ஏறிவிட்டது என்று மீனம்மா சொன்னாள்.

காளிமுத்து அன்று கட்டிலருகே நின்று தொப்பியைக் கசக்கிக்கொண்டிருந்தான். "அண்ணே... உள்ள ஏதாச்சும் ஒளறுனீங்களா?"

"நான் எதுக்குடா ஒளறணும்?"

"இல்ல, அன்னிக்கு வேலி விஷயம்... நான் மூணு பேரப் பாத்தேன்னு எழுதிக் குடுத்தேன்ல. உண்மையச் சொல்லணும்னா, நான் கண்ண மூடிக்கிட்டுத்தான் சுட்டேன்."

இருளாண்டி மட்டமாகப் படுத்து மேற்கூரையைப் பார்த்தான். சிரித்தால் தையல் இழுக்கும். பல்லைக் கடித்துக்கொண்டு, "விடுடா தம்பி, மூணு பேருதான் வந்தானுங்க. நானும் பாத்தேன்," என்றான்.

வாரக்கணக்கில் அவன் வாசலில் ஜீப் சத்தம் கேட்கும்போதெல்லாம் வியர்த்தான். யாரும் வரவில்லை. டாக்டர் துரை வாய் திறக்கவில்லை. அடுத்த வருஷம் மலாக்காவின் கடலோரப் பகுதிகளில் கெடுபிடி எல்லாம் நீங்கியது. கொஞ்சம் கொஞ்சமாகச் செலண்டார் பக்கமும் தளர்ந்து, ஊரடங்கு போய், கடைசியில் கம்பியைச் சுருட்டி லாரியில் ஏற்றினார்கள். எந்த ரகசியத்துக்காக மாதக்கணக்காக டியூப் கட்டினானோ, அதை இப்போது கூவி விற்றாலும் கேட்க ஆளில்லை. அதில் அவனுக்குக் கொஞ்சம் வருத்தம்தான்.

ஆனால் வேறொரு விதத்தில் அவனுக்குப் பெயர் கிடைத்தது. தோட்டத்தில் யாரை ஆபரேஷனுக்கு எழுதினாலும், டிரஸ்ஸர் அப்புசாமி இருளாண்டியைத் துணைக்கு அனுப்பினார். அவன் பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்து, ராத்திரியிலிருந்து பட்டினி கிடந்தார்களா என்று குடைந்து குடைந்து கேட்பான். சாப்பிட்டேன் என்று ஒருவர் பொய் சொன்னால் குழாயைப் பற்றி விளக்கமாகச் சொல்வான். சாப்பிடவில்லை என்று பொய் சொன்னால் கணேசமூர்த்தியிடம் போய்ப் போட்டுக்கொடுப்பான். மயக்கத்தில் யாரும் ரகசியம் பேசுவதில்லை, தெளியும்போது ஏதாவது உளறினாலும் தலைகால் புரியாது என்று சத்தியம் பண்ணுவான். தன் கதையை மட்டும் விட்டுவிடுவான்.

ரப்பர் மரத்தில் பால் வெட்டும் ராஜம்மாவுக்கு வயிற்றில் கட்டி. அவளையும் அவன்தான் கூட்டிப் போனான். கால் காணாமல் போகும், பயப்படாதே என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டு போனான். அவளுக்கு ஈதர் கொடுத்தார்கள். மறுநாள் அவன் பார்க்கப் போனபோது அவள் கோபமாக இருந்தாள்.

"என்னண்ணே, காலு போகும், வெந்நீர் மாதிரி இருக்கும்னு ஏதேதோ சொன்னீங்க? துணிய மூஞ்சில வெச்சாங்க, மூச்ச இழுக்கச் சொன்னாங்க, இனிச்சுக்கிட்டே மூக்க எரிக்கிற ஒரு வாடை. ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு எண்ணுனேன். அஞ்சு எண்ணலாம்னு வாயத் தொறக்குறேன், 'முடிஞ்சிருச்சு, கண்ணத் தொறங்க'ங்குறாங்க. நடுவுல ஒண்ணுமே இல்ல. தூங்குன மாதிரிகூட இல்ல. கனவு இல்ல, நேரம் போன மாதிரி இல்ல. அந்த ரெண்டு மணி நேரத்த யாரோ கத்திரிச்சு எடுத்துக்கிட்ட மாதிரி."

"ஒண்ணுமேவா?"

"ஒண்ணுமே."

இருளாண்டி ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். அவளுடைய மூச்சில் இன்னும் அந்த மருந்து வாடை வந்தது. எத்தனையோ பேரை அந்தக் கதவு வரைக்கும் கொண்டுபோய் விட்டிருக்கிறான். அதற்கு அந்தப் பக்கம் இருப்பது என்ன என்று அவன் மட்டும் பார்த்ததில்லை.

"நாலுக்கு அப்புறம் என்ன ஆச்சுன்னு கொஞ்சம் மெதுவா யோசிச்சுச் சொல்லு, ராஜம்மா," என்றான்.